நாகசுரச் சக்கரவர்த்தி இராஜரத்தினம் பிள்ளை

மாந்தர் எய்தும் பெருமை இருவகைப்படும். பிறந்த குடியாலும் பெற்ற பொருளாலும் வருவது ஒன்று. தாம் மேற்கொண்ட தொழிலை உயர்த்தி, அதனால் தாமும் உயர்ந்து பெறுவது மற்றொன்று. முன்னது உடையாரோடு மறையும். பின்னதோ அவருக்குப் பின் வருவாரையும் தாங்கி நிற்கும். இவ்விரண்டாம் வகைப் பெருமைக்கு உரியவராய்ச் சென்ற நூற்றாண்டிலே தமிழகத்தில் விளங்கியவர் திருவாவடுதுறை டி. என். இராஜரத்தினம் பிள்ளை ஆவர்.

நம் லாஸ்பேட்டையிலே முகூர்த்த நாட்களில் வைகறைப் போதில் நாகசுர ஒலி கேட்டுக் கண் விழிப்பார் பலர். மாலையில் நிகழும் வரவேற்பிலோ சில இடங்களில் சாக்சபோன் ஒலிக்கக் கேட்கின்றோம். இரண்டையும் வாசிப்போர் மேடைமீது விரிப்பிட்டு அமர்ந்து வாசிக்கின்றனர். அஃது இயல்பேயென்று எண்ணி நாமும் அப்பாற் செல்கின்றோம். நாகசுரம் வாசிப்பார்க்கு அவ்விருக்கை எளிதிற் கிடைத்ததன்று. ஒருவர் தம் வாழ்நாளெல்லாம் வழக்காடிப் பெற்றுத் தந்தது. அவ்வரலாற்றைச் சுருங்கக் கூறுதலே இக்கட்டுரையின் நோக்கமாகும்.

காரைக்காலுக்கு அணித்தே உள்ள திருமருகல் என்னும் ஊரிலே 1898ஆம் ஆண்டு ஆகஸ்டுத் திங்கள் 27ஆம் நாள், குப்புசாமிப் பிள்ளைக்கும் கோவிந்தம்மாளுக்கும் மகனாக இவர் தோன்றினார். இளமையில் இட்ட பெயர் பாலசுப்பிரமணியம் என்பதாம். தாய்மாமனும் சிறந்த நாகசுர வித்துவானுமாகிய திருமருகல் நடேசப் பிள்ளை இவரை மகவாக ஏற்றுக்கொண்டார். அவர்தம் ஊரும் பேருமே இவர் பெயரின் முன் நிற்கும் இரண்டு எழுத்துக்களாயின.

இவர் முதலிற் கற்றது வாய்ப்பாட்டேயாகும். வயலின் வாசிப்பிற் பெரும்புகழ் கொண்ட திருக்கோடிகாவல் கிருஷ்ணையரிடம் இசை பயின்றார். பின்னர் அம்மாசத்திரம் கண்ணுசாமிப் பிள்ளையிடம் நாகசுரம் கற்றார். குரலாற் பாடிப் பழகிய உள்ளம் குழலைக் கையில் எடுத்தமையால், இவர்தம் வாசிப்பிலே பாடகர்தம் நெகிழ்ச்சியும் நாகசுரத்தின் கம்பீரமும் ஒருங்கே அமைந்தன. திருவாவடுதுறை ஆதீனத்தின் வித்துவானாக அமர்ந்தபின் அவ்வூர்ப் பெயரே இவருக்கு அடையாயிற்று.

நாகசுரத்தின் இயல்பை அறிந்தாலன்றி இவர்தம் ஆற்றலை அறிதல் அரிது. சாக்சபோன் பெல்ஜிய நாட்டினராகிய அடோல்ஃப் சாக்ஸ் என்பார் இயற்றி, 1846ஆம் ஆண்டிலே பிரான்சு நாட்டில் காப்புரிமை பெற்ற பித்தளைக் கருவி. அதன் துளைகளை மூடவும் திறக்கவும் பல விசைகள் உள. நாகசுரமோ ஆச்சா மரத்தாற் கடைந்தது. விரல்கள் தொழிற்படும் துளைகள் ஏழே. விசை ஒன்றும் இல்லை. ஏழு துளைகளுக்கும் இடைப்பட்ட நுண்ணிய சுரங்களையெல்லாம் சீவாளியைப் பற்றிய உதட்டாலும், அடக்கி விடும் மூச்சாலும், பாதி மூடிய விரலாலுமே பிறப்பித்தல் வேண்டும். இத்தகைய கருவியிலே, முன்னரே எழுதி வைத்த ஒன்றையும் நோக்காது, அப்பொழுதைக்கப்பொழுது உள்ளத்தில் ஊறும் கற்பனையைக் கொண்டு ஓர் இராகத்தை மணிக்கணக்கில் விரித்துரைப்பார் பிள்ளையவர்கள். அமெரிக்க நாட்டிலே தாழ்த்தப்பட்ட கறுப்பின மக்கள் வளர்த்த ஜாஸ் இசையிலும் இவ்வாறு அவ்வப்பொழுது புதிது புனைதலே உயிர்நாடி என்பர். கடல் இடையிட்ட இரு நாடுகளிலும் மதிப்புக் குறைந்த நிலையில் வைக்கப்பட்ட கலைஞரே இவ்வருஞ்செயலில் தலைசிறந்து நின்றமை எண்ணத்தக்கது.

இராகங்களுள்ளும் தோடியே இவர்க்கு உரியதெனப் புகழப்பெற்றது. இவர்தம் தோடி இசைத்தட்டு ஊர்தோறும் ஒலித்தது. தவில் வேந்தராகிய நீடாமங்கலம் மீனாட்சிசுந்தரம் பிள்ளை இவர்க்குத் தவில் வாசித்த நாட்களைக் கேட்டோர் நெடுநாள் மறந்திலர்.

இவர் கருவியையும் திருத்தினார். முன்னாளில் வழங்கிய திமிரி நாகசுரம் குறுகியது. மிக்க உச்சமான சுருதியுடையது. கோயில் வீதியில் நெடுந்தொலைவு கேட்பதற்கு அது பொருந்தும். அரங்கில் அமர்ந்து நுணுகிக் கேட்பதற்கு அத்துணைப் பொருந்தாது. ஆகவே நீளம் மிகுந்து சுருதி தாழ்ந்த பாரி நாகசுரத்தை இவர் மேற்கொண்டார். அதனைச் செம்மையுற அமைத்துத் தந்தவர் நரசிங்கன்பேட்டை அரங்கநாத ஆசாரி. அவ்வூர் நாகசுரத்திற்கு 2022ஆம் ஆண்டிலே புவிசார் குறியீடு கிடைத்தமை யாவரும் அறிந்ததே. ஒத்து ஊதும் பழைய முறையை விடுத்துத் தம்புராவைச் சுருதிக்குத் துணையாகக் கொண்டவரும் இவரே.

இனி, இவர் தொடுத்த வழக்கைக் கூறுவோம். அக்காலத்தே நாகசுரக்காரர் இன்றி மணமும் இல்லை, விழாவும் இல்லை. ஆயினும் அவர் மேலாடையின்றி நின்றும் நடந்துமே வாசித்தல் வேண்டும். வாய்ப்பாட்டுக்காரர் மேடையில் அமர்ந்து பாட, அதே இராகத்தை அதே திறத்தோடு வாசிப்பவர் வீதியில் நின்றார். கலை ஒன்றாயிருக்க, கலைஞரிடையே இவ்வேற்றுமை பிறந்ததற்குக் காரணம் சாதியன்றி வேறில்லை. இதனைப் பிள்ளையவர்கள் ஏற்றிலர். குடுமியைக் களைந்து கிராப்பு வைத்தார். சட்டையும் நீண்ட மேலங்கியும் அணிந்தார். மேடையமைத்து இருக்கை தந்தாலன்றி வாசியேன் என்றார். செருக்கென்று இகழ்ந்தாரும் உளர். ஆயின் தம் ஒருவர்க்கு மட்டும் ஆசனம் வேண்டியிருப்பின் அன்றோ அது செருக்காகும்? இவர் கேட்டது நாகசுரத்திற்கே உரிய ஆசனம். அதனால் இவர்க்குப்பின் வந்தோர் யாவரும் அமர்ந்தனர்.

எல்லிஸ் ஆர். டங்கன் என்னும் அமெரிக்கர் இயக்கி 1940ஆம் ஆண்டில் வெளிவந்த காளமேகம் என்னும் திரைப்படத்திலே இவர் அப்புலவராகவே நடித்தார். 1947ஆம் ஆண்டு ஆகஸ்டு 14ஆம் நாள் இரவு, நாடு விடுதலை பெறும் வேளையிலே, திருவாவடுதுறை ஆதீனத்தார் செங்கோலுடன் தில்லிக்கு விடுத்த குழுவில் இவரும் சென்று நாகசுரம் வாசித்தார். வீதியில் நிறுத்தப்பட்ட கருவி ஒரு பெருநாட்டின் பிறப்புக்கு மங்கலம் முழங்கிய நாள் அது.

குறை கூறாது குணமே கூறுதல் வரலாறாகாது. பிள்ளையவர்கள் ஈட்டிய பெரும்பொருளைக் காத்திலர். கை கொண்டதைக் கணக்கின்றிச் செலவிட்டார். குடிப்பழக்கம் உடலைக் கெடுத்தது. ஏற்றுக்கொண்ட கச்சேரிக்குச் செல்லாது காத்திருந்தோரை வருத்திய நாட்களும் உண்டு. பிறர் தம் கலைக்குச் செய்த அவமதிப்பைப் பொறாத அவர், தம் உடலுக்குத் தாமே செய்த தீங்கை மட்டும் பொறுத்துக்கொண்டார். 1956ஆம் ஆண்டு டிசம்பர்த் திங்கள் 12ஆம் நாள், ஐம்பத்தெட்டாம் அகவையிலே, அவர்தம் மூச்சு அடங்கிற்று. வளமான முதுமை அவருக்கு வாய்த்திலது. அவர்தம் மாணாக்கர் காருகுறிச்சி அருணாசலம், குருவின் வழிநின்று நாகசுரத்தின் புகழை மேலும் பரப்பினார்.

ஒருவர்க்கு அளிக்கப்பட்ட தாலந்தைப் புதைத்து வைத்தல் குற்றமென்று நம் திருமறை உவமையாற் கற்பிக்கின்றது. இராஜரத்தினம் பிள்ளை தம் தாலந்தைப் புதைத்தாரல்லர்; பன்மடங்கு பெருக்கினார். அதனினும் பெரிதாய், அத்தாலந்து தாழ்ந்ததென்று உலகம் கூறியபொழுது தலைகுனிய மறுத்தார். நாமும் நாளை ஏதேனும் ஒரு தொழிலில் அமர்வோம். அத்தொழிலைச் சிறிதென்பார் எதிரே, அதனை உயர்த்திக் காட்டும் திறமும் உரிமை கேட்கும் உரமும் நமக்கு உண்டோ? நாளை காலை முகூர்த்த மேளம் கேட்கும்பொழுது, மேடைமேல் அமர்ந்திருக்கும் நாகசுரக்காரரை ஒருகணம் நின்று நோக்குமின். அவ்விருக்கையைப் பெற்றுத் தந்தவரை நினைமின்.