மாயா டெரன்

மாயா டெரன் (1917 – அக்டோபர் 13, 1961) அமெரிக்காவின் குறிப்பிடத்தக்க சோதனைத் திரைப்பட இயக்குநர் ஆவார். இயக்கத்துடன் நடிப்பு, படத்தொகுப்பு, கோட்பாட்டு எழுத்து, விநியோகம் ஆகிய பணிகளையும் தாமே செய்தார். ஹாலிவுட்டுக்கு வெளியே, தனியொருவர் தம் கைப்பணத்தைக் கொண்டே திரைப்படம் எடுக்க முடியும் என்பதைக் காட்டியவர்களுள் முதன்மையானவராகக் கருதப்படுகிறார்.

இளமை

உக்ரைனின் கீவ் நகரில் யூதக் குடும்பமொன்றில் பிறந்தார். இயற்பெயர் எலியனோரா. தந்தை மனநல மருத்துவர். யூதர்களுக்கு எதிரான வன்முறை காரணமாக 1922 இல் குடும்பம் அமெரிக்காவில் குடியேறியது. 1939 இல் ஸ்மித் கல்லூரியில் ஆங்கில இலக்கியத்தில் முதுகலைப் பட்டம் பெற்றார். பின்னர் நடனக் கலைஞரும் மானிடவியலாளருமான கேத்தரின் டன்ஹமின் செயலராகப் பணியாற்றினார்.

திரைப்படங்கள்

1942 இல் செக் நாட்டுத் திரைப்படக் கலைஞர் அலெக்சாண்டர் ஹாமிட்டை மணந்தார். இருவரும் லாஸ் ஏஞ்சலசில் தாம் வாழ்ந்த வீட்டிலேயே 16 மி.மீ. போலெக்ஸ் கருவியைக் கொண்டு "மெஷஸ் ஆஃப் தி ஆஃப்டர்நூன்" (1943) என்ற படத்தை எடுத்தனர். சுமார் 14 நிமிடம் ஓடும் இப்படத்தில் வசனம் இல்லை. டெரனே நடித்தார். ஒரு காட்சியில் அப்பெண் எடுத்துவைக்கும் அடுத்தடுத்த அடிகள் மணல், புல், நடைபாதை, அறைக் கம்பளம் என வெவ்வேறு இடங்களில் பதிகின்றன. இதற்குச் சிறப்புக் கருவி எதுவும் தேவைப்படவில்லை. வெட்டி ஒட்டும் இடத்தைச் சரியாகத் தேர்ந்ததே போதுமானதாக இருந்தது.

இப்படத்தில் யாருடைய பங்கு மிகுதி என்பது ஆய்வாளரிடையே விவாதத்துக்குரியது. ஒளிப்பதிவுத் திறன் பெரிதும் ஹாமிட்டுடையதே. எனினும் டெரன் தனியே இயக்கிய "அட் லேண்ட்" (1944) படத்திலும் இதே உத்தி தொடர்கிறது. 1945 இல் அவர் எடுத்த நடனக் குறும்படத்தில் டாலி பீட்டி காட்டில் தூக்கும் கால் ஒரு வீட்டு அறையில் ஊன்றப்படுகிறது. எனவே டெரனின் பங்கைக் குறைத்து மதிப்பிட இயலாது.

திரையிடல்

இத்தகைய படங்களை வாங்க விநியோகஸ்தர் எவருமில்லை. டெரன் 1946 பிப்ரவரியில் நியூயார்க்கின் பிராவின்ஸ்டவுன் நாடக அரங்கை வாடகைக்கு எடுத்து மூன்று படங்களைத் தாமே திரையிட்டார். அரங்கு நிறைந்தது. இதனால் ஊக்கம் பெற்ற ஆமோஸ் வோகல் அடுத்த ஆண்டு "சினிமா 16" என்ற திரைப்படச் சங்கத்தைத் தொடங்கினார். டெரன் கல்லூரிகளுக்குப் படப்பிரதிகளை வாடகைக்கு அனுப்பியும், நேரில் சென்று விரிவுரையாற்றியும் வந்தார். 1946 இல் குகன்ஹைம் நிதிநல்கை கிடைத்தது.

ஹெய்ட்டி

அந்நிதியைக் கொண்டு 1947 இல் ஹெய்ட்டி சென்றார். வூடூ சடங்குகளையும் நடனங்களையும் கலைப்படமாக்குவதே நோக்கம். 1954 வரை பலமுறை சென்று பல மணி நேரம் ஓடக்கூடிய படச்சுருள்களை எடுத்தார். ஆனால் அச்சடங்குகளுக்கென ஒரு முழுமை உண்டு, அதைத் தம் விருப்பப்படி வெட்டி ஒட்டலாகாது என்ற முடிவுக்கு வந்தார். வெட்டி ஒட்டுவதிலேயே பெயர் பெற்ற ஒருவருக்கு இது எளிய முடிவன்று. படத்துக்குப் பதிலாக "டிவைன் ஹார்ஸ்மென்" (1953) என்ற நூலை எழுதினார். படம் அவர் காலத்தில் முடிவுறவில்லை.

மறைவு

ஹாமிட்டுடனான மணமுறிவுக்குப் பின் இசையமைப்பாளர் டெய்ஜி இட்டோவை 1960 இல் மணந்தார். 1961 இல் மூளையில் ஏற்பட்ட இரத்தக்கசிவால் தம் 44வது வயதில் காலமானார். ஹெய்ட்டி படச்சுருள்களைப் பல ஆண்டுகள் கழித்து டெய்ஜி இட்டோவும் செரல் இட்டோவும் தொகுத்தனர். "மெஷஸ்" 1990 இல் அமெரிக்கத் தேசியத் திரைப்படப் பதிவேட்டில் சேர்க்கப்பட்டது. அப்படத்துடன் இன்று ஒலிக்கும் இசை, முதலில் ஒலியின்றி வெளியான அதற்கு 1959 இல் இட்டோ அமைத்ததாகும்.