நொஷாட்டல் மலைவீட்டின் திரைக்கதையாசிரியர்

பிறீட்றிக் டியூரென்மற் என்ற பெயரை சுவிஸில் வாழும் எம்மவர்களில் பலர் தமது பிள்ளைகளின் பாடசாலைப் பையிலிருந்தே அறிந்திருப்பார்கள். ஜெர்மன் மொழிப் பாடசாலைகளில் இவரது நாடகங்களைப் படிக்காமல் மேல்வகுப்பைத் தாண்டுபவர்கள் குறைவு. நாடகாசிரியராக உலகம் அறிந்த இந்த மனிதர் திரைக்கதையும் எழுதினார் என்பதும், அவர் மணந்த இருவருமே நடிகைகள் என்பதும் அவ்வளவாகப் பேசப்படுவதில்லை. நாம் இங்கே பேச விரும்புவது அந்தப் பக்கத்தைத்தான்.

1921 ஜனவரி 5ஆம் திகதி பேர்ண் மாநிலத்தின் கொனொல்ஃபிங்கன் கிராமத்தில் ஒரு போதகரின் மகனாகப் பிறந்தார். பேர்ணிலும் சூரிச்சிலும் தத்துவமும் இலக்கியமும் படிக்கத் தொடங்கி, 1946இல் பட்டம் பெறாமலேயே பல்கலைக்கழகத்தை விட்டு வெளியேறினார். ஓவியனாவதா எழுத்தாளனாவதா என்ற குழப்பம் வேறு. அதே ஆண்டு ஒக்ரோபரில் லொட்டி கைஸ்லர் என்ற மேடை நடிகையைத் திருமணம் செய்துகொண்டார். நிரந்தர வருமானம் எதுவும் கிடையாது. 1947இல் சூரிச்சில் மேடையேறிய முதல் நாடகம் பார்வையாளரின் கூச்சலிலும் சீட்டியொலியிலும் முடிந்தது.

பியல் ஏரிக்கரையில் லிகெர்ஸ் கிராமத்தில் அவர்கள் வாழ்ந்த ஆண்டுகள் கடினமானவை. 1947, 1949, 1951 என்று மூன்று பிள்ளைகள் பிறந்தன. கணவருக்கு நீரிழிவு நோய். லொட்டி நடிப்பை விட்டுவிட்டார். கடனை அடைக்க டியூரென்மற் வானொலி நாடகங்கள் எழுதினார். இதழில் தொடராக வெளிவந்த துப்பறியும் கதைகளும் எழுதினார். காசுக்காக எழுதிய அந்தக் கதைகள்தான் இன்றும் மலிவுப் பதிப்புகளில் ஓயாமல் விற்பனையாகின்றன என்பது வேறு விடயம்.

1952இல் நொஷாட்டல் நகருக்கு மேலே, எர்மிற்றாஜ் பள்ளத்தாக்கின் விளிம்பில், ஒரு வீட்டை வாங்கிக் குடிபுகுந்தார்கள். பிரெஞ்சு பேசும் ஊரில் ஜெர்மனில் எழுதும் ஒருவர் எதற்காக வந்து குடியேறினார் என்று பலர் வியந்தார்கள். அவருக்கோ அந்தத் தனிமை வசதியாக இருந்தது. கடைசிவரை பேர்ண் உச்சரிப்போடுதான் பிரெஞ்சு பேசினார். புலம்பெயர்ந்து வந்த எமக்கு இதில் ஒரு சிறு ஆறுதல் உண்டு. ஒரு மணித்தியாலத் தொடருந்துப் பயணத் தூரத்தில் பிறந்தவருக்கே அந்த மொழி முழுதாக வசப்படவில்லை.

அந்தத் தொடருந்தைப் பற்றியும் சொல்ல வேண்டும். ஐம்பதுகளின் நடுவில் லொட்டிக்கு பேர்ணில் சத்திரசிகிச்சை நடந்தது. அவரைப் பார்க்க டியூரென்மற் நொஷாட்டலுக்கும் பேர்ணுக்கும் இடையே அடிக்கடி பயணித்தார். வழியில் இன்ஸ், கெர்சர்ஸ் என்ற இரு சிறிய நிலையங்களில் கடுகதித் தொடருந்தும் நின்றுதான் போகும். இப்படியொரு சிற்றூரில் பெரிய தொடருந்துகள் ஒருநாள் நிற்காமல் போய்விட்டால் அந்த ஊரின் கதி என்ன? அந்த எண்ணத்திலிருந்து பிறந்ததுதான் முதிய சீமாட்டியின் வருகை நாடகம். தன்னை இளவயதில் கைவிட்டவனைக் கொன்றால் ஊருக்குப் பெரும் பணம் தருவேன் என்று பேரம் பேசும் கோடீஸ்வரியின் கதை அது. 1956இல் சூரிச்சில் அரங்கேறி, இரண்டே ஆண்டுகளில் நியூயோர்க் பிறோட்வே வரை சென்றது. இன்றும் அந்தப் பாதையில் வேலைக்குப் போய்வரும் எம்மவர்கள் உண்டு. அந்த நாடகத்துக்கு லொட்டியின் நோய்க்கட்டிலும் ஒரு காரணம் என்பதை எத்தனைபேர் அறிவார்கள்?

சினிமா அவரைத் தேடி வந்தது அதன் பின்னர். சூரிச்சைச் சேர்ந்த தயாரிப்பாளர் லாசர் வெக்ஸ்லர், சிறுவர்கள் மீதான பாலியல் குற்றங்களைப் பற்றிப் பெற்றோரை எச்சரிக்கும் ஒரு படத்துக்குக் கதை கேட்டார். 1958இல் வெளிவந்த பட்டப்பகலில் நடந்தது என்ற அந்தப் படத்தில் ஹைன்ஸ் றூமான் துப்பறிவாளராகவும், கேர்ட் ஃபுறோப கொலைகாரனாகவும் நடித்தார்கள். திரைக்கதையில் டியூரென்மற்றோடு இயக்குநர் லடிஸ்லாவ் வஜ்டாவுக்கும் ஹான்ஸ் ஜகோபிக்கும் பங்குண்டு. துப்பறிவாளர் நெடுஞ்சாலையோரம் ஒரு பெற்றோல் நிலையத்தை எடுத்து நடத்தி, ஒரு சிறுமியை இரையாக வைத்துக் காத்திருந்து, கொலைகாரனை வெல்கிறார். படம் பெரும் வெற்றி.

எழுதியவருக்கோ அந்த முடிவு உறுத்திக்கொண்டே இருந்தது. கெட்டிக்காரன் திட்டமிட்டால் நீதி கிடைத்தே தீரும் என்பதை அவர் நம்பவில்லை. அதே ஆண்டே அந்தக் கதையை வாக்குறுதி என்ற நாவலாக மாற்றி எழுதினார். அதில் கொலைகாரன் பொறிக்கு வரும் வழியில் வாகன விபத்தில் இறந்துபோகிறான். துப்பறிவாளரின் கணக்கு முழுவதும் சரி, ஆனாலும் அவன் வரவேயில்லை. அவர் ஆண்டுக்கணக்காக அந்த நிலையத்தில் காத்திருந்து, குடித்து, மனம் சிதைந்துபோகிறார். தயாரிப்பாளரிடம் தோற்ற திரைக்கதையாசிரியர் புத்தகத்தில் தீர்த்துக்கொண்ட கணக்கு இது என்றே நாம் கருதுகிறோம். 2001இல் ஷோன் பென் இயக்கத்தில் ஜாக் நிக்கல்சன் நடித்த படம் அந்த நாவலைத்தான் தழுவியது.

அவர் நொஷாட்டலில் குடியேறிய அதே 1952இல் தமிழில் பராசக்தி வெளிவந்தது. வசனகர்த்தாவின் பெயருக்காகவே திரையரங்கில் கூட்டம் கூடிய காலம் அது. ஐரோப்பாவில் எழுதுபவருக்கு அந்த மதிப்பு இருக்கவில்லை. முதிய சீமாட்டியின் வருகை 1964இல் இங்கிறிட் பேர்க்மன், அன்ரனி குயின் நடிப்பில் படமானபோது, நாடகத்தில் சாகும் மனிதன் படத்தில் உயிர் தப்பினான். 1975இல் மாக்சிமிலியன் ஷெல் இயக்கிய நீதிபதியும் அவரது கொலையாளியும் படத்தில் டியூரென்மற் திரைக்கதையிலும் பங்கெடுத்து, சதுரங்கம் ஆடும் எழுத்தாளராகத் திரையிலும் தோன்றினார்.

1983 ஜனவரியில் லொட்டி காலமானார். முப்பத்தாறு ஆண்டுகள் அவரது எழுத்தை வாசித்து, வீட்டையும் பிள்ளைகளையும் சுமந்தவர். டியூரென்மற்றைப் பற்றிய நூல்கள் அலுமாரி நிறைய உண்டு. அவற்றில் லொட்டிக்குக் கிடைப்பது சில பக்கங்களே. இது எமக்கு நியாயமாகப் படவில்லை.

அதே ஆண்டு, ஷெல்லின் வழியாக, சார்லொட்டே கேர் அறிமுகமானார். 1966இல் மேற்கு ஜெர்மனியின் தொலைக்காட்சியில் ஒளிபரப்பான ஒறியன் விண்கலத் தொடரில் பெண் தளபதியாக நடித்து வீடுதோறும் அறியப்பட்ட நட்சத்திரம் அவர். பின்னர் ஆவணப்படங்களும் எடுத்தார். 1984 மே மாதம் திருமணம். அவர் டியூரென்மற்றைப் பற்றி மிக நீண்ட ஆவணப்படம் ஒன்றை எடுத்தார். டியூரென்மற்றும் மீண்டும் எழுதினார். பாலைவனத்தில் கொல்லப்பட்ட பெண்ணின் தடத்தைப் படக்கருவியோடு தேடிப்போகும் ஒரு பெண்ணின் கதையை, இருபத்து நான்கே வாக்கியங்களில், 1986இல் வெளியிட்டார். அந்நூல் சார்லொட்டேக்கே காணிக்கை.

1990 நவம்பரில், வாக்லாவ் ஹவெலுக்குப் பரிசு வழங்கும் விழாவில், சுவிற்சர்லாந்தை ஒரு சிறைக்கு ஒப்பிட்டுப் பேசினார். கைதிகளே தமக்குக் காவலர்களாகவும் இருக்கும் சிறை. அரசு இலட்சக்கணக்கானோரை இரகசியமாகக் கண்காணித்து வந்தது அம்பலமாகியிருந்த காலம். அவருக்கும் கோப்பு ஒன்று இருந்தது. டிசம்பர் 14ஆம் திகதி, எழுபதாவது பிறந்தநாளுக்கு மூன்று வாரங்கள் இருக்கையில், நொஷாட்டல் வீட்டிலேயே இறந்தார். தனது கையெழுத்துப் பிரதிகளை நாட்டுக்கு எழுதிவைத்திருந்தார். அதனால்தான் 1991இல் பேர்ணில் சுவிஸ் இலக்கிய ஆவணக்காப்பகம் உருவானது.

அந்த வீட்டைச் சார்லொட்டே நாட்டுக்குக் கொடுத்தார். கட்டடக்கலைஞர் மாரியோ பொட்டா பழைய வீட்டை அப்படியே வைத்து, மலைச்சரிவுக்குள் ஒரு மண்டபம் கட்டினார். 2000ஆம் ஆண்டு செப்ரெம்பரில் அது திறக்கப்பட்டது. சார்லொட்டே 2011இல் காலமானார். டியூரென்மற் தன் வாழ்நாளில் விற்க மனமில்லாமல் வைத்திருந்த ஓவியங்கள் அங்கே தொங்குகின்றன. போகிறவர்கள் கழிப்பறையையும் பார்க்கத் தவறவேண்டாம்: அதன் சுவரிலும் கூரையிலும் அவரே உருவங்கள் வரைந்து, சிஸ்ரைன் தேவாலயம் என்று பெயரும் வைத்திருக்கிறார்.