கடையத்துப் பத்திரிகாசிரியர்

இலஞ்சிக்கு அண்மையிலுள்ள கடையத்தில் சுப்பிரமணிய பாரதியார் ஏறக்குறைய ஈராண்டு வாழ்ந்தனர். நாம் அவரைக் கவியென்று போற்றுகிறோம். ஆங்கில அரசினர் அஞ்சியதோ பத்திரிகாசிரியரையே. 1906-இல் சென்னையில் தோன்றிய 'இந்தியா' வாரப் பத்திரிகை, எழுத்தறியாதாரும் உணருமாறு கேலிச்சித்திரங்களால் அரசியலை விளக்கிற்று. 1908-இல், ஆசிரியரெனப் பதிவு பெற்றிருந்தவர் சிறைப்படவே, பாரதியார் பிரெஞ்சு ஆட்சியிலிருந்த புதுச்சேரியை அடைந்தார். பத்திரிகையும் அவரைப் பின்தொடர்ந்தது. அந்நிய மண்ணிலிருந்த அச்சுக்கூடத்தைத் தீண்டவியலாத அரசினர், தம் எல்லைக்குள் அதன் வரவைத் தடுத்தனர். படிப்போரை இழந்த பத்திரிகை 1910-இல் நின்றது.

1914-இல் ஐரோப்பிய யுத்தம் மூண்டது. ஆங்கிலேயரின் பகைவரான ஜெர்மானியரை அவர் புகழ்ந்திருப்பாரென்றே எவரும் எண்ணுவர். அவரோ, ஜெர்மானியரை எதிர்த்து வீழ்ந்த பெல்ஜியத்தை வாழ்த்திப் பாடினார்! யுத்தம் ஓய்ந்தபின், 1918 நவம்பரில் புதுவை நீங்கியவர் கடலூரருகே கைதானார். விடுதலையுற்றுக் கடையம் சேர்ந்தார். 1920-இல் 'சுதேசமித்திரன்' அலுவலகத்தில் மீண்டும் எழுத அமர்ந்தார்.