ஒலிம்பிக்கில் ஓடிய கல்கத்தாக்காரர்

ஒலிம்பிக்கில் இந்தியாவின் கணக்கைத் தொடங்கி வைத்தது ஹாக்கி இல்லை. ஒரு கல்லூரி மாணவராக இருந்தவரின் கால்கள்தான்.

நார்மன் பிரிட்சார்ட் 1875இல் கல்கத்தாவில் பிறந்தார். ஆங்கிலேயப் பெற்றோர். படிப்பு அங்கேயே செயின்ட் சேவியர் கல்லூரியில். 1894 முதல் 1900 வரை ஏழு வருஷம் தொடர்ந்து வங்காளத்தின் 100 கெஜ ஓட்டத்தில் அவர்தான் முதல். சும்மா ஓடுவதோடு நிற்கவில்லை. 1897இல் கல்லூரிக்காகக் கால்பந்து ஆடி ஒரே ஆட்டத்தில் மூன்று கோல் போட்டார்.

1900 ஜூலை, பாரிஸ். உலகக் கண்காட்சியோடு ஒட்டி நடந்த ஒலிம்பிக் அது. பந்தயத் தடம் என்று தனியாக எதுவும் கிடையாது. மேடும் பள்ளமுமான புல்தரை, பக்கத்திலே மரங்கள். நாங்குநேரிப் பக்கம் பள்ளிக்கூட மைதானத்தில் ஓடிய நமக்கு அது ஒன்றும் புதுசில்லை! 200 மீட்டர் தடை ஓட்டத்தில் அமெரிக்காவின் கிரான்ஸ்லைனுக்கு அடுத்து இரண்டாமிடம். சில நாள் கழித்து 200 மீட்டர் ஓட்டத்தில் டியூக்ஸ்பரிக்கு அடுத்து மறுபடியும் இரண்டாமிடம்.

இங்கேதான் வழக்கு. அந்த இரண்டு வெள்ளியும் யாருக்கு? சர்வதேச ஒலிம்பிக் குழு இந்தியாவின் கணக்கில் வைத்திருக்கிறது. அவர் லண்டன் போட்டிகளில் ஓடிவிட்டுத்தான் பாரிஸ் போனார், ஆகவே பிரிட்டனுக்கே சேரும் என்று வாதிடுபவர்களும் உண்டு. அன்றைக்குப் பெரும்பாலோர் நாட்டின் பெயரால் இல்லை, தனியாகவோ மன்றத்தின் பெயராலோதான் கலந்துகொண்டார்கள். இந்திய ஒலிம்பிக் சங்கம் உருவானதே 1927இல்தான். என்னைக் கேட்டால், பிறந்தது, படித்தது, ஓடப் பழகியது எல்லாம் கல்கத்தா மண். நம்ம கணக்கில் இருப்பதே நியாயம்.

பாரிஸிலிருந்து திரும்பி இந்தியக் கால்பந்து சங்கத்தின் செயலாளராகக் கொஞ்ச காலம் இருந்தார். பிறகு இங்கிலாந்து, அப்புறம் அமெரிக்கா. நாடகம், சினிமா என்று ஆளே மாறிவிட்டார். பெயரும் நார்மன் டிரெவர்! 1926இல் வந்த ‘போ ஜெஸ்ட்’ என்ற மௌனப் படத்தில் ராணுவ அதிகாரியாக நடித்தார். 1929இல் கலிபோர்னியாவில் காலமானார்.

ஒரே ஒலிம்பிக்கில் இரண்டு பதக்கம் வாங்கிய அடுத்த இந்தியர் துப்பாக்கி சுடும் மனு பாக்கர். வருஷம் 2024. ஊர், அதே பாரிஸ்.