நாகயே தோஜு

நாகயே தோஜு (ஏப்ரல் 21, 1608 - அக்டோபர் 11, 1648) எடோ காலத் தொடக்கத்தில் வாழ்ந்த ஜப்பானியக் கன்பூசியச் சிந்தனையாளரும் ஆசிரியரும் ஆவார். சீன அறிஞர் வாங் யாங்மிங்கின் சிந்தனை மரபை ஜப்பானில் தொடங்கி வைத்தவராக இவர் கருதப்படுகிறார். தலைவனற்ற சாமுராய்களை ஜப்பானியர் ரோனின் என்பர். ரோனின் என்றதும் திரைப்பட வாள்வீரர்களே நம் நினைவுக்கு வருவர். தோஜுவோ வாளை விற்றுவிட்டு உழவர்களுக்குப் பாடம் சொன்ன ரோனின்.

பணி துறத்தல்

பிவா ஏரியின் மேற்கே, ஓமி மாகாணத்தின் ஒகாவா சிற்றூரில் பிறந்தார். தந்தை உழவர், பாட்டனாரோ கத்தோ குலத் தலைவரிடம் பணியாற்றிய சாமுராய். சிறுவயதிலேயே பாட்டனாரின் வளர்ப்பு மகனாகி, அவருடன் யொனாகோவுக்கும் பின்னர் ஓசுவுக்கும் சென்றார். 1622ல் பாட்டனார் இறக்கவே, அவரது பதவி இவருக்கு வந்தது.

தந்தையின் மறைவுக்குப்பின் தாயார் ஊரில் தனித்திருந்தார். அவரைப் பேணுவதற்காகத் தோஜு பணிவிலகக் கோரினார், அனுமதி கிடைக்கவில்லை. 1634ல் அனுமதியின்றியே வெளியேறினார். இது மரண தண்டனைக்கும் உரிய குற்றமாகும். எனவே நேரே வீடு செல்லாமல், தண்டனையை எதிர்நோக்கிக் கியோட்டோவில் காத்திருந்தார். எவரும் துரத்தி வராததால் ஊர் திரும்பினார்.

ஆசிரியப் பணி

வாளை விற்ற பணத்தைக் கொண்டு ஊராருக்கு நெல்லரிசி கடன் கொடுத்தும், சாக்கே மது விற்றும் வாழ்ந்தார். அவரது வீட்டில் சாமுராய்களும் உழவர்களும் பாடம் கேட்டனர். அங்கு நின்ற விஸ்டீரியா கொடியாலேயே தோஜு என்னும் பெயர் வழங்கலாயிற்று.

ஓசுவிலிருந்து தேடிவந்த ஓனோ ரியோசா என்னும் மாணவர் மிகுந்த மந்தபுத்தி உடையவர். இரண்டு மூன்று தொடர்களை ஏறத்தாழ 200 முறை சொல்லிக் கொடுத்தாலும், இரவு உணவுக்குப்பின் மறந்துவிடுவாராம். அவருக்கென்றே தோஜு ஒரு மருத்துவ நூலை எழுதிக் கற்பித்தார், ரியோசா மருத்துவரானார். தத்துவ நூல்களைவிட இந்நிகழ்வே தோஜுவை நன்கு அறிமுகப்படுத்துகிறது எனலாம்.

1641ல் குமசாவா பன்சான் மாணவராக வந்தார். பயணி ஒருவர் மறந்துவிட்ட 200 பொற்காசுகளை அவரைத் தேடிச்சென்று கொடுத்த குதிரைக்காரர் ஒருவர், தோஜுவின் போதனையே அதற்குக் காரணம் என்றாராம். அதைக் கேள்வியுற்றே பன்சான் வந்தார் என்பது மரபுவழிக் கதை. பன்சான் பின்னர் ஒகயாமா ஆட்சியாளர் இகேதா மிட்சுமாசாவிடம் பணியாற்றினார்.

மறைவுக்குப் பின்

நெடுங்காலம் ஆஸ்துமாவால் அவதியுற்ற தோஜு, 1648ல் நாற்பதாம் வயதில் காலமானார். ஓமியின் ஞானி என்று மக்கள் அவரைப் போற்றினர். உச்சிமுரா கான்சோ தமது ஆங்கில நூலில் ஜப்பானின் தலைசிறந்த ஐவருள் ஒருவராக இவரைச் சேர்த்துள்ளார். தோஜுவின் பள்ளிக் கட்டடம் 1880ல் தீக்கிரையாகி, 1882ல் மீண்டும் கட்டப்பட்டது. இது ஷிகா மாநிலத்தின் தகாஷிமா நகரில் உள்ளது.