ஹாலரித்தின் அட்டையும் ஒரு வெற்றுக் கட்டமும்

அமெரிக்காவின் பஃபலோ நகரில் 1860இல் பிறந்த ஹெர்மன் ஹாலரித், 19 வயதில் பட்டம் பெற்று, அந்நாட்டின் 1880ஆம் ஆண்டு மக்கள்தொகைக் கணக்கெடுப்பில் பணிக்குச் சேர்ந்தார். 5 கோடிப் பேரின் விவரங்களைக் கையால் எண்ணித் தொகுக்கும் பணி ஆண்டுக்கணக்கில் இழுத்தது. அதற்கு அவர் கண்ட மாற்றுவழிதான் துளையட்டை. அட்டையில் துளை எங்கே விழுகிறதோ, அந்த இடமே அதன் பொருள். துளை வழியே இறங்கும் ஊசி பாதரசத்தைத் தொட்டதும் மின்சுற்று நிறைவுற்று, எண்காட்டியின் முள் ஓரடி நகரும். 1889இல் காப்புரிமை கிடைத்தது. மறு ஆண்டுக் கணக்கெடுப்பு இப்பொறிகளைக் கொண்டே தொகுக்கப்பட்டது.

1896இல் அவர் தொடங்கிய நிறுவனம் 1911இல் வேறு நிறுவனங்களுடன் இணைந்து, 1924இல் ஐ.பி.எம். எனப் பெயர் பெற்றது. முதுமையில் மேரிலாந்துப் பண்ணையில் மாடு வளர்த்த ஹாலரித் 1929இல் மறைந்தார். நாம் அறிந்த 80 கட்ட அட்டை அதற்கு முந்தைய ஆண்டுதான் வந்தது.

அவர் கணினியைக் கண்டதில்லை. ஆயினும் 1957இல் வெளிவந்த ஃபோர்ட்ரான் மொழி, உள்ளீட்டு வடிவத்தை அட்டையின் கட்டங்களைக் கொண்டே வகுத்தது. அதில் எழுத்துத்தொடரைக் குறித்த ‘எச்’ அவர் பெயரின் முதலெழுத்து. ஃபோர்ட்ரான் 95 தரநிலைதான் அதை நீக்கியது.

கோப்பைப் படிப்பது கம்பைலர் அன்று. அது நிரலுடன் இணைக்கும் இயக்கநேர நூலகம். நிரல் ஓடும்போது அந்நூலகம் வடிவக் குறிப்பைப் பார்த்து, ஒவ்வொரு வரியையும் கட்டம் கட்டமாக நறுக்கி எண்ணாக்குகிறது. வெற்றுக் கட்டத்தை என்ன செய்வது என்பதில்தான் சிக்கல். அருப்புக்கோட்டையில் ஒருநாள் பெய்த மழை 12 மில்லிமீட்டர் என்று கொள்வோம். 3 கட்ட இடத்தில் அதை இடப்பக்கம் ஒட்டி எழுதினால், கடைசிக் கட்டம் காலி. பழைய மரபு அதைப் பூஜ்யமாகக் கொண்டு 120 என்று படிக்கும். ஃபோர்ட்ரான் 77க்குப் பின், முறையாகத் திறக்கப்பட்ட கோப்பில் வெற்றிடம் பொருட்படுத்தப்படாமல் 12 என்றே கிடைக்கும். எந்த நூலகமும் இதைப் பிழையென்று எச்சரிக்காது. திருச்சுழி போன்ற வானம் பார்த்த பூமியில் ஒன்று புழுதியடக்கும் தூறல், மற்றொன்று கண்மாய்க்கு நீர் கொண்டுவரும் மழை.

பழைய பதிவுகளைக் கணினிக்கு மாற்றுவோர் எண்களைக் காப்பதில் காட்டும் அக்கறையை, அவற்றின் வடிவ விளக்கத் தாளைக் காப்பதில் காட்டுவதில்லை என்பது என் கருத்து. இன்றைய நூலகங்கள் இரு விதிகளையும் ஏற்கின்றன. எதைத் தேர்வது என்பது கோப்பில் எழுதியிருப்பதில்லை. அந்தத் தாளில்தான் இருக்கும்.