சுடுவாங்கன்னு தெரிஞ்சும் ஏன் வந்தாங்க? மார்ஷல் நேசமணியின் கதை

ஊர்வலம்னாலே காசு கொடுத்துக் கூட்டிட்டு வந்திருப்பாங்கன்னு சட்டுனு சொல்லிடுறோம். 1954 ஆகஸ்ட் 11 அன்று மார்த்தாண்டத்திலும் புதுக்கடையிலும் தெருவுக்கு வந்தவர்களுக்குக் கிடைத்தது போலீஸ் குண்டு. உயிர்கள் போயின. ஆனாலும் போராட்டம் நிற்கலை. ஏன்?

அதற்கு நேசமணியின் வாழ்க்கையில் பதில் இருக்கிறது. 1895-ல் பள்ளியாடியில் பிறந்தவர். சட்டம் படித்து நாகர்கோவிலில் வக்கீல் ஆனார். அந்த நாளில் அங்கே உயர்சாதி வக்கீல்களுக்கு நாற்காலி, மற்றவர்களுக்கு முக்காலி. குடிக்கிற தண்ணீருக்கும் தனிப்பானை. முக்காலியை எட்டி உதைத்து, பானையை உடைத்தாராம் நேசமணி. குமரி மாவட்டத்தில் இந்தக் கதை தெரியாத வீடு குறைவு.

1947-ல் திருவிதாங்கூர் தமிழ்நாடு காங்கிரஸின் தலைமைக்கு வந்தார். தோவாளை, அகஸ்தீஸ்வரம், கல்குளம், விளவங்கோடு தாலுகாக்களைத் தமிழகத்தோடு சேர்க்கணும் என்பது கோரிக்கை. மொழிப்பற்றுதான் எல்லாரையும் இழுத்தது என்று எழுதிவிடுவது சுலபம். எனக்கு அது பாதிக் காரணமாகத்தான் படுகிறது. தோள்சீலை போடும் உரிமையையே போராடி 1859-ல் வாங்கிய பெண்களின் பேரப்பிள்ளைகள் இவங்க. கோயில் கதவு திறந்ததே 1936-ல்தான். ஆபீஸிலும் கோர்ட்டிலும் புரியாத மலையாளத்தில் காகிதம் வந்தால், பழைய அவமானம் புது வேஷத்தில் வந்த மாதிரிதானே இருக்கும்? பானையை உடைத்தவர் கூப்பிட்டதும் கிளம்பிட்டாங்க.

மலையில் விஷயம் வேற. தேவிகுளம், பீர்மேடு எஸ்டேட் தமிழர்களுக்குப் பிழைப்பே கேள்விக்குறி. தடையை மீறி அங்கே போன நேசமணி 1954 ஜூலையில் கைதானார். அடுத்த மாதம்தான் அந்தத் துப்பாக்கிச்சூடு. அப்போது ஆண்டது பட்டம் தாணு பிள்ளையின் பிரஜா சோஷலிஸ்ட் ஆட்சி. அதே கட்சியின் ராம் மனோகர் லோகியாவே முதல்வர் பதவி விலகணும்னு கேட்டார். சொந்தக் கட்சி ஆட்சியைப் பார்த்து இப்படிக் கேட்க இன்னிக்கு யாருக்குத் தைரியம் வரும்!

1956 நவம்பர் 1-ல் நான்கு தாலுகாக்களும் சேர்ந்து கன்னியாகுமரி மாவட்டம் ஆனது. செங்கோட்டை திருநெல்வேலியோடு போனது. 1968-ல் நேசமணி காலமானபோது நாகர்கோவில் எம்.பி. அந்த இடத்துக்கு நடந்த இடைத்தேர்தலில்தான் காமராஜர் ஜெயித்தார். அவர் சிறை போகக் காரணமான தேவிகுளமும் பீர்மேடும் மட்டும் கேரளத்திலேயே தங்கிவிட்டன.